வாசலில் ஒரு விண்மீன்

முன்னுரை

திருவருகைக் காலம் தொடங்கிவிட்டால் நம் வீடுகளில் இரண்டு வேலைகள் தொடங்கிவிடும். ஒன்று குடில் கட்டுவது. மற்றொன்று வாசலில் நட்சத்திரம் தொங்கவிடுவது. குடில் வீட்டுக்குள் இருப்பது. அதைக் காண நம் வீட்டுக்கு வரவேண்டும். நட்சத்திரமோ வெளியே இருப்பது. சென்னை–கும்பகோணம் சாலையில் பேருந்தில் போகிறவர்கூட எங்கள் மீன்சுருட்டியைக் கடக்கும்போது, "இது கிறிஸ்தவர் வீடு" என்று அதைப் பார்த்து அறிந்துகொள்வார். ஞானிகள் மூவருக்கு வழி காட்டிய விண்மீனை நினைத்தே நாம் இதைச் செய்கிறோம்.

இந்த விளக்கை நம் கையாலேயே, குறைந்த செலவில், மழைக்கும் காற்றுக்கும் தாங்கும்படி செய்வது எப்படி என்பதே இக்கட்டுரையின் பொருள். அதற்கு முன் நான் செய்த ஒரு தவற்றைச் சொல்லியாக வேண்டும். அதைச் சொல்லாமல் இக்கட்டுரையை எழுதினால் அது நேர்மையாகாது.

அந்த இரவு

அப்போது நான் ஏழாம் வகுப்பில் படித்துக்கொண்டிருந்தேன். பரணில் தாத்தா காலத்துச் சீரியல் செட் ஒன்று கிடந்தது. 38 சிறிய விளக்குகள் கொண்ட சரம் அது. அதில் ஒரு விளக்கு கெட்டுப்போனதால் சரம் முழுவதும் எரியவில்லை. நான் அந்த விளக்கை வெட்டி எடுத்துவிட்டு, இரண்டு கம்பி முனைகளையும் சேர்த்து முறுக்கினேன். சரம் எரிந்தது. வீட்டில் அனைவரும் பாராட்டினார்கள். டேப் சுற்றவேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை. அதை எங்கள் வாசலில் உள்ள இரும்புக் கேட்டின்மேல் சுற்றி அழகு பார்த்தேன்.

மூன்றாம் நாள் இரவெல்லாம் மழை. விடியற்காலையில் பால்கார ஆயா வழக்கம்போல் வந்தார். வெறுங்காலோடு சேற்றில் நின்று கேட்டைத் தள்ளினார். ஓர் அலறல் கேட்டது. அப்பா ஓடிச் சென்று மெயினை நிறுத்தினார். நாங்கள் வெளியே வந்தபோது ஆயா தரையில் கிடந்தார். பால் முழுவதும் மண்ணில் ஓடிக்கொண்டிருந்தது.

இறைவன் அருளால் ஆயா பிழைத்தார். ஆனால் வலக்கை பல நாள் மரத்துப்போயிருந்தது. அதன்பின் அவர் எங்கள் கேட்டைத் தொட்டதே இல்லை. சாலையிலேயே நின்று, "பாப்பா, பால்!" என்று குரல் கொடுப்பார். நான் போய் வாங்கி வருவேன். அவர் என்னை ஒரு சொல் கடிந்ததில்லை. ஆனாலும் அந்தக் குரலைக் கேட்கும்போதெல்லாம் எனக்குத் தலை குனியும். அடுத்த இரண்டு கிறிஸ்மஸுக்கும் எங்கள் வாசலில் விளக்கே வைக்கவேண்டாம் என்று அம்மா சொல்லிவிட்டார்.

தவறு எங்கே?

இந்த ஆண்டு அறிவியல் பாடத்தில் மின்னோட்டவியல் நடத்தியபோதுதான் என் தவறு எனக்கு முழுமையாக விளங்கியது. அதைக் கணக்காகவே சொல்கிறேன்.

சீரியல் செட் என்பது தொடர் இணைப்பு. ஒவ்வொரு விளக்கும் 6 வோல்ட்டுக்குச் செய்யப்பட்டது. நம் வீட்டு மின்னழுத்தம் 230 வோல்ட். 230ஐ 38ஆல் வகுத்தால் ஒரு விளக்குக்கு ஏறத்தாழ 6 வோல்ட் கிடைக்கும். எனவேதான் அத்தனை விளக்குகளை ஒரே வரிசையில் கோக்கிறார்கள். மின்சாரம் செல்ல ஒரே வழிதான் உண்டு. ஆகவே ஒன்று கெட்டால் எல்லாம் அணைந்துவிடும்.

"ஆறு வோல்ட் விளக்குதானே, என்ன செய்துவிடும்?" என்று நான் எண்ணினேன். பலரும் அப்படித்தான் எண்ணுகிறார்கள். ஒரு விளக்கின் இரு முனைகளுக்கு இடையே உள்ள வேறுபாடுதான் 6 வோல்ட். கம்பிக்கும் நாம் நிற்கும் மண்ணுக்கும் இடையே உள்ள வேறுபாடு அதுவன்று. நான் முறுக்கிய இடம் ஃபேஸ் முனையிலிருந்து மூன்றாம் விளக்கின் இடம். முதல் இரண்டு விளக்குகள் எடுத்துக்கொண்ட 12 வோல்ட் போக, மீதி 218 வோல்ட் அங்கே இருந்தது. மழையில் நனைந்த இரும்புக் கேட்டு முழுவதும் அந்த மின்னழுத்தம் பரவியிருந்தது.

நனைந்த உடலின் மின்தடையை 1000 ஓம் என்று வைத்துக்கொள்வோம். ஓம் விதிப்படி 218ஐ 1000ஆல் வகுத்தால் 0.218 ஆம்பியர். இதில் பத்தில் ஒரு பங்கு பாய்ந்தாலே கைத்தசை இறுகி, பிடித்த பிடியை விடமுடியாமல் போகலாம். ஆயா கேட்டைப் பிடிக்காமல் உள்ளங்கையால் தள்ளினார், அதனால் பிழைத்தார்.

"வீட்டில் ஃபியூஸ் இருக்கிறதே" என்று நீங்கள் கேட்கலாம். 5 ஆம்பியர் ஃபியூஸ் 0.218 ஆம்பியருக்கு உருகாது. ஃபியூஸ் காப்பது கம்பியையும் வீட்டையும், மனிதரை அன்று. மனிதரைக் காப்பது ஆர்.சி.சி.பி. என்ற கருவி. போகும் மின்னோட்டத்துக்கும் திரும்பும் மின்னோட்டத்துக்கும் 30 மில்லி ஆம்பியர் வேறுபாடு வந்தாலே அது இணைப்பைத் துண்டித்துவிடும். எங்கள் வீட்டில் அப்போது அது இல்லை. அந்த நிகழ்ச்சிக்குப் பின் அப்பா செய்த முதல் செலவு அதுதான்.

பிற நாடுகளில்

வீட்டில் விளக்கு செய்து தொங்கவிடும் வழக்கம் பல நாடுகளில் உண்டு. ஜெர்மனியில் நீஸ்கி என்ற ஊரில் மொரேவியச் சபையார் நடத்திய பள்ளியில், 1830களில் மாணவர்கள் வடிவியல் பாடத்துக்காகக் காகித நட்சத்திரங்களைச் செய்தார்கள். கணக்குப் பாடமாகத் தொடங்கிய அந்த நட்சத்திரம் இன்று உலகெங்கும் கிறிஸ்மஸ் விளக்காகத் தொங்குகிறது.

பிலிப்பைன்ஸ் நாட்டவர் நம்மைப் போலவே மூங்கிலும் காகிதமும் கொண்டு நட்சத்திரம் கட்டுகிறார்கள். அதைப் 'பரோல்' என்பார்கள். பம்பாங்கா மாநிலத்தின் சான் ஃபெர்னாண்டோ நகரில் டிசம்பர் மாதத்தில் இதற்கென்றே பெருவிழா எடுக்கிறார்கள்.

மின்விளக்கால் கிறிஸ்மஸ் மரத்தை அலங்கரித்தவர்களில் முதல்வராகக் கருதப்படுபவர் எடிசனின் கூட்டாளியான எட்வர்ட் ஜான்சன். 1882ஆம் ஆண்டு நியூயார்க்கில் உள்ள தம் வீட்டில் சிவப்பு, வெள்ளை, நீலம் என்று 80 விளக்குகளை அவர் எரியவிட்டார். அந்தக் காலத்து இழை விளக்குகள் ஒளியைவிட வெப்பத்தையே மிகுதியாகத் தந்தன. இன்று நமக்கு எல்.ஈ.டி. கிடைத்திருக்கிறது. நீல ஒளி தரும் எல்.ஈ.டி.யைக் கண்டுபிடித்ததற்காக அகாசாகி, அமானோ, நகாமுரா ஆகிய மூவருக்கும் 2014ஆம் ஆண்டு இயற்பியல் நோபல் பரிசு கிடைத்தது. நாம் காணும் வெள்ளை எல்.ஈ.டி. பெரும்பாலும் அந்த நீல ஒளியிலிருந்தே பிறக்கிறது.

இப்போது நம் நட்சத்திரத்தைச் செய்வோம்.

தேவையான பொருள்கள்

மூங்கில் பிளாச்சு 60 செ.மீ. நீளத்தில் பத்து, 15 செ.மீ. நீளத்தில் ஐந்து. பழைய சைக்கிள் ட்யூபிலிருந்து வெட்டிய ரப்பர் வார். அம்மாவின் பழைய நைலான் சேலை, வெளிர் நிறமானது. ஊசி, நூல். வெள்ளை எல்.ஈ.டி. பதினைந்து, 150 ஓம் மின்தடை ஐந்து. 12 வோல்ட் டி.சி. அடாப்டர் ஒன்று. மெல்லிய இரட்டை ஒயர், இன்சுலேஷன் டேப்.

மூங்கிலைக் கூடை முடைபவரிடம் கேட்டால் பிளந்தே தருவார். விரல் அகலம் போதும். கணுக்களை உப்புத்தாளால் தேய்த்துவிடுங்கள்; இல்லாவிட்டால் சிலாம்பு கையில் ஏறும்.

சட்டம் கட்டுதல்

தரையில் சாக்பீஸால் ஐந்து முனை நட்சத்திரம் ஒன்றை, கோலம் போடுவதுபோல் கையெடுக்காமல் வரையுங்கள். அதன்மேல் ஐந்து பிளாச்சுகளை அடுக்கவேண்டும்.

பலருடைய நட்சத்திரம் கோணலாகப் போவதற்குக் காரணம், பிளாச்சுகள் ஒன்றையொன்று எங்கே வெட்டவேண்டும் என்று தெரியாததே. இதற்கும் கணக்கு உண்டு. 60 செ.மீ. பிளாச்சில் இரு முனைகளிலிருந்தும் 23 செ.மீ. தூரத்தில் பென்சிலால் குறியிடுங்கள். நடுவில் 14 செ.மீ. மிஞ்சும். ஐந்து பிளாச்சுகளிலும் இப்படிக் குறியிட்டு, குறியும் குறியும் பொருந்துமாறு வைத்துக் கட்டினால் நட்சத்திரம் தானாகவே ஒழுங்காக அமையும். ஒவ்வொரு முனையிலும் கோணம் 36 பாகை. பக்கத்துப் பக்கத்து முனைகளின் இடைவெளி ஏறத்தாழ 37 செ.மீ. இருக்கிறதா என்று அளந்து பார்த்துக்கொள்ளுங்கள்.

இவ்வாறு இரண்டு நட்சத்திரங்கள் கட்டுங்கள். ஒன்றின்மேல் ஒன்றை வைத்து ஐந்து முனைகளையும் சேர்த்துக் கட்டுங்கள். பிறகு உள்ளே பிளாச்சுகள் வெட்டிக்கொள்ளும் ஐந்து இடங்களிலும், 15 செ.மீ. குச்சிகளை முன் நட்சத்திரத்துக்கும் பின் நட்சத்திரத்துக்கும் இடையே நிறுத்திக் கட்டுங்கள். தட்டையாக இருந்தது இப்போது வயிறு புடைத்து நிற்கும். இந்த வேலைக்கு இருவர் வேண்டும். ஒருவர் விரித்துப் பிடிக்க, ஒருவர் கட்டவேண்டும். எனக்கு என் தம்பி பிடித்தான். மூன்று முறை கைவிட்டான். நான்காம் முறை நின்றது.

நூலால் கட்டினால் மழையில் நழுவுகிறது. ட்யூப் ரப்பர் நழுவுவதில்லை.

துணி போர்த்துதல்

பட்டத்தாளும் மைதாப் பசையும் கொண்டு ஒட்டுவதே பழைய முறை. பார்க்க மிக அழகாக இருக்கும். ஆனால் நம் பகுதியில் டிசம்பர் என்பது வடகிழக்குப் பருவமழைக் காலம். இரண்டு மழைக்குள் பசை கரைந்து, தாள் கிழிந்து, வெறும் எலும்புக்கூடு தொங்கும். பாலிதீன் தாள் ஒரு திருநாளுக்குப் பின் குப்பையில்தான் சேரும். நைலான் சேலையோ நனைந்தாலும் விரைவில் உலரும். பல ஆண்டுகளுக்கு வரும்.

துணியை நட்சத்திர வடிவத்தில் ஓரத்துக்கு இரண்டு விரல் கூடுதலாக விட்டு வெட்டி, பிளாச்சைச் சுற்றி மடித்துத் தைக்கவேண்டும். முதலில் பின்பக்கம் மட்டும் தையுங்கள். விளக்கை இணைத்த பின்பே முன்பக்கம். கீழ்ப்பக்கத்து இரு முனைகளுக்கு நடுவே இரண்டு அங்குலம் தைக்காமல் விடுங்கள். உள்ளே புகுந்த மழைநீர் அவ்வழியே வடிந்துவிடும்.

விளக்கு இணைத்தல்

இதுவே முக்கியமான பகுதி. ஒவ்வொரு முனைக்கும் மூன்று எல்.ஈ.டி. என்று ஐந்து முனைக்கும் பதினைந்து.

ஒரு வெள்ளை எல்.ஈ.டி.க்கு ஏறத்தாழ 3 வோல்ட் வேண்டும். மூன்றைத் தொடர் இணைப்பில் கோத்தால் 9 வோல்ட். அடாப்டர் தருவது 12 வோல்ட். மிஞ்சும் 3 வோல்ட்டை ஒரு மின்தடை ஏற்கவேண்டும். எல்.ஈ.டி. தாங்கும் மின்னோட்டம் 0.02 ஆம்பியர். 3ஐ 0.02ஆல் வகுத்தால் 150 ஓம். கடையில் 150 ஓம் என்று கேட்டு வாங்கியது இதனால்தான். மின்தடை இல்லாமல் இணைத்தால் எல்.ஈ.டி. கெட்டுவிடும்.

எல்.ஈ.டி.யின் நீண்ட கால் நேர்முனை. குட்டைக் கால் எதிர்முனை. ஒன்றின் குட்டைக் காலை அடுத்ததன் நீண்ட காலோடு சேர்க்கவேண்டும். மாற்றிக் கோத்தால் எரியாது. இப்படி ஐந்து வரிசைகள் செய்து, ஐந்தையும் பக்க இணைப்பில் அடாப்டர் கம்பியோடு சேருங்கள். இப்போது ஒரு முனையில் ஒரு விளக்கு கெட்டாலும் மற்ற நான்கு முனைகள் எரியும். தொடர் இணைப்பும் பக்க இணைப்பும் எதற்கு என்று பாடத்தில் படித்ததை இங்கே கண்ணால் காணலாம்.

இணைப்புகளை முறுக்கி மட்டும் விடாமல், ஈயம் வைத்துப் பற்றவைத்து, ஒவ்வொன்றின்மேலும் தனித்தனியே டேப் சுற்றுங்கள். சால்டரிங் வேலையைத் தெரிந்தவர் பக்கத்தில் இருக்கும்போதே செய்யவேண்டும். எனக்கு எங்கள் தெருவில் ரேடியோ பழுதுபார்க்கும் மாமா சொல்லிக் கொடுத்தார். நான் ஒரு இணைப்பை டேப் இல்லாமல் விட்டிருந்தேன். அவர் அதை விரலால் தொட்டுக் காட்டி, "இது யாருக்கும்மா?" என்று மட்டும் கேட்டார்.

வரிசைகளைப் பிளாச்சுகளின் உட்பக்கத்தில் நூலால் கட்டிவிட்டு முன்பக்கத் துணியைத் தைத்து மூடுங்கள்.

தொங்கவிடுதல்

அடாப்டர் எப்போதும் வீட்டுக்குள், உலர்ந்த இடத்தில், உயரத்தில் இருக்கவேண்டும். வெளியே செல்வது 12 வோல்ட் மட்டுமே. பி.ஐ.எஸ். பதிவு முத்திரை உள்ள அடாப்டராகப் பார்த்து வாங்குங்கள். நல்ல அடாப்டரின் 12 வோல்ட் கம்பிகள் வீட்டு மின்சாரத்தோடு நேரடியாகத் தொடர்புள்ளவை அல்ல. எனவே ஒரு கம்பியைத் தொட்டு ஈர மண்ணில் நிற்பவரின் உடல்வழியே மின்சுற்று முழுமை பெறாது.

ஒயர் சன்னல் வழியே நுழையும் இடத்தில், சன்னலுக்குக் கீழே ஒரு சாண் தொங்கி வளைந்து, பிறகு மேலேறி உள்ளே வரட்டும். அப்போது கம்பிவழியே ஓடும் மழைநீர் வளைவிலேயே சொட்டிவிடும், வீட்டுக்குள் வராது.

நட்சத்திரத்தை மேல்முனையில் மட்டும் கட்டாமல், கீழ் முனைகள் இரண்டையும் சணல் கயிற்றால் இழுத்துக் கட்டுங்கள். நான் கைக்குழந்தையாக இருந்தபோது, 2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரை கடந்தது. முந்திரி மரங்களையே வேரோடு சாய்த்த காற்று டிசம்பரில் வரக்கூடியது என்பதை நாம் மறக்கலாகாது. புயல் எச்சரிக்கை வந்தால் நட்சத்திரத்தைக் கழற்றி உள்ளே வைத்துவிடுங்கள்.

செலவுக் கணக்கு

ஐந்து வரிசைகளுக்கும் சேர்த்து மின்னோட்டம் 0.1 ஆம்பியர். 12 வோல்ட்டால் பெருக்கினால் 1.2 வாட். தினம் 6 மணி நேரம் வீதம் 30 நாள் எரிந்தால் 216 வாட் மணி. அதாவது கால் யூனிட்டுக்கும் குறைவு. அடாப்டர் வீணாக்குவதைச் சேர்த்தாலும் சிறிதளவே கூடும். பழைய முறையில் 60 வாட் குண்டு விளக்கு ஒன்றை அதே நேரம் எரித்தால் 10.8 யூனிட் ஆகும். குண்டு விளக்கின் சூட்டில் தாள் கருகும் அச்சமும் உண்டு.

மறக்கக் கூடாதவை

1. கடையில் வாங்கும் எல்.ஈ.டி. சரங்களிலும் பல நேரடியாக 230 வோல்ட்டில் இயங்குபவை. அவற்றை இரும்புக் கேட்டிலோ தகரக் கூரையிலோ துணி உலர்த்தும் கம்பியிலோ சுற்றாதீர்கள்.

2. சரத்தைத் தொடுமுன் சுவிட்சை நிறுத்தினால் மட்டும் போதாது, பிளக்கையே பிடுங்குங்கள். இரு முள் பிளக்கைத் திருப்பிச் செருகினாலும் விளக்கு எரியும். எந்தக் கம்பி ஃபேஸ் என்று நமக்குத் தெரியாது.

3. மின்கம்பத்திலோ, வீட்டுக்கு வரும் சர்வீஸ் ஒயருக்கு அருகிலோ எதையும் கட்டாதீர்கள்.

4. யாருக்கேனும் மின்சாரம் தாக்கினால் அவரைத் தொடாதீர்கள். முதலில் மெயினை நிறுத்துங்கள். இயலாவிட்டால் உலர்ந்த மரக்கட்டையால் விலக்குங்கள். உடனே 108க்குச் சொல்லுங்கள்.

முடிவுரை

திருவருகைக் காலத்தின் முதல் ஞாயிறன்று மாலை எங்கள் நட்சத்திரத்தைத் தொங்கவிட்டோம். அம்மா முதலில் தயங்கினார். பிறகு தம் பழைய சேலை ஒளிர்வதைப் பார்த்துக்கொண்டு நெடுநேரம் வாசலிலேயே நின்றார்.

மறுநாள் காலையில் ஆயா வந்தார். சாலையில் நின்றபடியே அண்ணாந்து பார்த்தார். "கேட்டுல கரண்டு இல்லியே பாப்பா?" என்றார். நான் செருப்பைக் கழற்றிவிட்டு, ஈரத் தரையில் நின்று, இரண்டு கைகளாலும் கேட்டைப் பிடித்துக் காட்டினேன். அவர் தலையசைத்தார். ஆனால் கேட்டைத் தொடவில்லை. பாலை ஊற்றிவிட்டுப் போனார். அடுத்த நாளும் அப்படியே.

நான்காம் நாள் காலை நான் அடுப்படியில் இருந்தேன். "பாப்பா, பால்!" என்ற குரல் மிக அருகில் கேட்டது. திரும்பிப் பார்த்தேன். ஆயா எங்கள் வாசற்படியில் நின்றார். கேட்டு அவருக்குப் பின்னால் திறந்து கிடந்தது. "கார்த்திகைக்கு நான் அகல் ஏத்தி வெச்சேன். உனக்கு இது. நல்லாத்தான் இருக்கு" என்று சொல்லிவிட்டுப் பாலை ஊற்றினார்.

தோழியரே! வாசலில் வைக்கும் விளக்கு நமக்காக வைப்பதன்று. வழியே வருகிறவருக்காக வைப்பது. வருகிறவர் அச்சமின்றி நம் வாசலை மிதிக்கும்படி அதைச் செய்வோமாக. அடுத்த திருநாளுக்கு உங்கள் வீட்டிலும் கையால் செய்த விண்மீன் ஒளிரட்டும். செய்யும்போது ஒவ்வோர் இணைப்பின்மேலும் டேப் சுற்றிவிட்டீர்களா என்று ஒரு முறைக்கு இரு முறை பாருங்கள்.

— பத்தாம் வகுப்பு மாணவி, மீன்சுருட்டி